பிளாஸ்டிக் கடலும் நிஜக் கல்லும்: தாந்தே ஃபெரெட்டி உருவான கதை

இத்தாலிய இயக்குநர் ஃபெலினியின் 'அண்ட் த ஷிப் செயில்ஸ் ஆன்' 1983ல் வந்தது. முதல் உலகப் போர் வெடிக்கப்போகும் நேரம். இறந்துபோன ஓபரா பாடகி ஒருத்தியின் சாம்பலைக் கடலில் தூவுவதற்காக அவளுடைய ரசிகர்களும் சக கலைஞர்களும் ஒரு பெரிய கப்பலில் கிளம்புகிறார்கள். படம் நெடுகக் கடல்தான், ஆனால் அதில் ஒரு சொட்டுக் கடல்நீர் கிடையாது. அலையெல்லாம் பிளாஸ்டிக் தாள், வானம் துணியில் வரைந்த வானம். கடைசியில் கேமரா அப்படியே பின்னால் நகர, கப்பல் தளம் ஹைட்ராலிக் தூண்கள்மேல் ஆடிக்கொண்டிருப்பது, விளக்குகள், வேலையாட்கள், படம் பிடிக்கும் இன்னொரு கேமரா எல்லாமே தெரிந்துவிடுகின்றன.

இதை முதல்முறை பார்த்தபோது எனக்குத் தோன்றியது ஒன்றுதான்: பொய்யை இவ்வளவு தைரியமாகக் காட்டிய பிறகும் அந்தக் கடல்மேல் நமக்கு நம்பிக்கை போகவில்லையே, எப்படி? அந்தக் கடலைக் கட்டியவர் தாந்தே ஃபெரெட்டி. மூன்று ஆண்டுகள் கழித்து இதே மனிதர் 'தி நேம் ஆஃப் த ரோஸ்' படத்துக்காக ரோம் நகரத்துக்கு வெளியே ஒரு குன்றின்மேல் இடைக்கால மடம் ஒன்றைக் கட்டினார். அதைப் பார்த்தவர்கள் எழுநூறு வருஷமாக அங்கேயே நிற்கும் கட்டடம் என்றுதான் நினைப்பார்கள். ஒரே ஆளுக்கு இந்த இரண்டும் எப்படி வந்தது என்பதுதான் நான் இங்கே சொல்ல விரும்பும் விஷயம்.

முதலில் வேலையின் பெயர். இத்தாலியில் இவர்களை 'செனோகிராஃபோ' என்பார்கள். நம் படங்களின் டைட்டிலில் 'கலை' என்று போட்டு ஒரு பெயர் வருமே, கிட்டத்தட்ட அதுதான். ஹாலிவுட்டில் 'புரொடக்‌ஷன் டிசைனர்'. 1939ல் வந்த 'கான் வித் த விண்ட்' படத்துக்காக வில்லியம் கேமரன் மென்சீஸுக்குக் கொடுத்த பட்டத்திலிருந்து பரவிய பெயர் இது. கதை நடக்கும் உலகம் எப்படி இருக்கும், எதைக் கட்டுவது, எதைப் போய்த் தேடுவது, சுவருக்கு என்ன நிறம், ஜன்னல் எந்தப் பக்கம் என்பதெல்லாம் இவர் பொறுப்பு. கட்டிய அறைக்குள் நாற்காலி, விளக்கு, திரைச்சீலை, மேஜைமேல் கிடக்கும் கடிதம் இதையெல்லாம் நிரப்புபவர் வேறு ஒருவர், அவர் 'அரெதாதோரே'. ஃபெரெட்டியின் பல படங்களில் அது அவருடைய மனைவி ஃபிரான்செஸ்கா லோ ஸ்கியாவோ. அவரைப் பற்றிப் பிறகு வருகிறேன்.

ஃபெரெட்டி பிறந்தது 1943ல், கிழக்கு இத்தாலியின் மார்க்கே பகுதியில் மச்செராத்தா என்ற சின்ன ஊரில். அப்பாவுக்கு மரச்சாமான் செய்யும் பட்டறை. அப்பாவின் சட்டைப்பையிலிருந்து சில்லறை எடுத்துக்கொண்டு, நண்பன் வீட்டில் படிக்கப்போகிறேன் என்று சொல்லிவிட்டு தியேட்டருக்கு ஓடிய கதையை அவரே பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். அந்த ஊரின் நடுவில் ஸ்ஃபெரிஸ்டேரியோ என்று ஒரு திறந்தவெளி அரங்கம் இருக்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் பந்தாட்டத்துக்காகக் கட்டியது, பிற்பாடு ஓபரா மேடை ஆனது. மரவாசனையும் ஓபராவும் சினிமாவும் ஒரே தெருவில் கிடைத்த பிள்ளைக்கு வேறு வேலை தோன்றியிருக்க வாய்ப்பு குறைவு. ரோமில் நுண்கலைக் கல்லூரியில் சேர்ந்தார், அங்கிருந்து நேரே லூயிஜி ஸ்காச்சானோச்சே என்ற கலை இயக்குநரிடம் உதவியாளர்.

அந்தக் காலத்து இத்தாலிய சினிமாவில் கலை இயக்குநர்கள் ஒரே சமயத்தில் பல படங்களை இழுத்துப் போட்டுக்கொள்வார்கள். அதனால் உதவியாளர் தலையில்தான் பாதி வேலை விழும். இருபத்தோரு வயதில் ஃபெரெட்டி இப்படித்தான் இயக்குநர் பசோலினி 1964ல் எடுத்த 'மத்தேயு நற்செய்தி' படத்துக்குப் போய் நின்றார். பசோலினிக்கு ஸ்டுடியோ ஜெருசலேம் பிடிக்கவில்லை. பாலஸ்தீனத்தையே போய்ப் பார்த்துவிட்டு, அது ரொம்ப நவீனமாகிவிட்டது என்று திரும்பி வந்தவர் அவர். கடைசியில் தெற்கு இத்தாலியில் மத்தேரா என்ற ஊரைப் பிடித்தார்கள். பாறையைக் குடைந்து மனிதர்கள் வாழ்ந்த குகைவீடுகள் அடுக்கடுக்காக இறங்கும் ஊர். வறுமைக்கே பேர்போன இடம். அதுவே ஜெருசலேம் ஆனது.

இந்தப் பள்ளிக்கூடத்தில் பாடம் ஒன்றுதான்: சரியான இடத்தைக் கண்டுபிடி, அப்புறம் அதிலிருந்து வேண்டாததை எடு. 1969ல் 'மெதேயா' வந்தபோது ஃபெரெட்டிக்கு இருபத்தாறு வயது, டைட்டிலில் கலை இயக்குநராகப் பெயர் வந்துவிட்டது. ஓபரா பாடகி மரியா காலஸ் நடித்த படம். துருக்கியின் கப்படோக்கியா பாறைக்கூம்புகள், சிரியாவின் அலெப்போ கோட்டை, இத்தாலிக்குள் பீசா நகரத்துப் பேராலய வளாகம், கிராதோவின் உப்பங்கழி என்று ஒன்றுக்கொன்று ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தள்ளியிருக்கும் இடங்களை ஒரே கதைக்குள் தைத்திருக்கிறார்கள். மெதேயாவின் சொந்த ஊரான காட்டுமிராண்டி கோல்கிஸ் என்பது கப்படோக்கியா, அவள் பிறகு வந்து சேரும் நாகரிக கிரேக்க நகரமான கொரிந்த் என்பது அலெப்போவும் பீசாவும். தையல் எங்கே என்று தெரியாமல் இருக்க வண்ணம், புழுதி, துணி, மரம் இவற்றையெல்லாம் ஒரே குடும்பத்துப் பொருள்போல வைத்தால்தான் முடியும். கட்டுவதைவிட இது சிரமமான வேலை என்பது என் அபிப்பிராயம். கட்டிய செட்டில் எல்லாமே நம் கையில், இங்கே மலை நம் பேச்சைக் கேட்காது.

'டெகாமெரான்', 'தி கேன்டர்பரி டேல்ஸ்', 'அரேபியன் நைட்ஸ்' என்று 1974 வரை இதே வழிதான். நேப்பிள்ஸ், இங்கிலாந்தின் கிராமங்கள், யேமன், ஈரான், நேபாளம். பசோலினிக்குச் சினிமாவைவிட ஓவியம் பெரிது. 'டெகாமெரான்' படத்தில் பழைய இத்தாலிய ஓவியர் ஜொத்தோவின் சீடனாக அவரே வந்து தேவாலயச் சுவரில் வரைகிறார். அதனால் ஃபெரெட்டிக்கும் அவருக்கும் நடுவே பேச்சு பெரும்பாலும் ஓவியர்களின் பெயரிலேயே நடக்கும். கடைசிப் படமான 'சாலோ'வில் மட்டும் வழி மாறியது. வடக்கு இத்தாலிய மாளிகைகளுக்குள் ஆர்ட் டெக்கோ நாற்காலிகளும் க்யூபிஸ்ட் பாணி ஓவியங்களும், எல்லாம் ரசனையோடு, அளவெடுத்து வைத்ததுபோல. அந்த ரசனைதான் பயமுறுத்துகிறது. அவ்வளவு அழகான அறையில் அவ்வளவு கொடூரம் நடக்கிறது. படம் திரைக்கு வருவதற்குள், 1975 நவம்பரில் பசோலினி ஒஸ்தியாவில் கொல்லப்பட்டார்.

ஃபெலினி வந்தது அதற்குப் பிறகு. 1969ல் 'சத்திரிகோன்' படத்தில் உதவியாளராக வேலை பார்த்தபோதே பழக்கம். அப்போதே ஃபெலினி கூப்பிட, "நான் சின்னப் பையன், இப்போது வந்தால் பொசுங்கிப்போவேன், பத்து வருஷம் கழித்துக் கூப்பிடுங்கள்" என்கிற அர்த்தத்தில் பதில் சொன்னதாக ஃபெரெட்டி நினைவுகூர்கிறார். கிட்டத்தட்ட பத்து வருஷத்தில் அழைப்பு வந்தது. வந்த படம் என்ன தெரியுமா, தொலைக்காட்சிக்காக எடுத்தது. 'ஆர்கெஸ்ட்ரா ரிஹர்சல்', இத்தாலிய அரசு ஒலிபரப்பான ராய் நிறுவனத்தின் பணத்தில். ஒரே ஒரு மண்டபம்தான் செட். போப்புகளும் பிஷப்புகளும் புதைக்கப்பட்ட பழைய தேவாலயக் கூடம், அதில் இசைக்கலைஞர்கள் ஒத்திகைக்கு வருகிறார்கள், சண்டை போடுகிறார்கள், சுவரில் கிறுக்குகிறார்கள், கடைசியில் கட்டடம் இடிக்கும் பெரிய இரும்புக்குண்டு ஒன்று சுவரைப் பிளந்துகொண்டு உள்ளே வருகிறது. படம் முழுக்க அந்த ஒரு அறை மெல்ல மெல்ல அழுக்காவதைக் கவனித்துப் பாருங்கள். ஆரம்பத்தில் கோயில் மாதிரி இருப்பது முடிவில் போர்க்களம். இசைக்கலைஞர்களைவிட அந்த அறைதான் அதிகம் நடித்திருக்கிறது.

ஃபெலினியிடம் பாடம் நேர் எதிர். வெளியே போகாதே. கடல் வேண்டுமா, சினெசித்தாவின் ஐந்தாம் எண் அரங்குக்குள் கட்டு. 1937ல் முசோலினி காலத்தில் திறந்த சினெசித்தா ஸ்டுடியோவில் அதுதான் பெரியது, ஃபெலினிக்கு வீடு மாதிரி. 1993ல் அவர் இறந்தபோது உடலை மக்கள் பார்வைக்கு வைத்ததும் அங்கேதான். காலையில் காரில் ஸ்டுடியோவுக்குப் போகும்போது "நேற்று ராத்திரி என்ன கனவு கண்டாய்?" என்று ஃபெலினி கேட்பாராம். கனவே வராத ஃபெரெட்டி, முதலில் ஒன்றுமில்லை என்று சொல்லிப் பார்த்துவிட்டு, பிறகு தினமும் ஒரு கனவைப் புனைந்து சொல்ல ஆரம்பித்தாராம். பொய் என்று ஃபெலினிக்கும் தெரியும். ஆனால் கலை இயக்குநருக்கு இதைவிட நல்ல பயிற்சி எது? நடக்காத ஒன்றை, நடந்ததுபோல, கேட்பவருக்குப் பிடிக்கும்படி.

இப்படி ஐந்து படங்கள். 1986ல் வந்த 'ஜிஞ்சர் அண்ட் ஃப்ரெட்' நேரடியாகத் தொலைக்காட்சியைப் பற்றியது. வயதான இரண்டு நடனக்கலைஞர்களை ஒரு டிவி நிகழ்ச்சிக்கு இழுத்து வருகிறார்கள். எங்கே பார்த்தாலும் விளம்பரம், மினுக்கும் விளக்கு, சாப்பாட்டுப் படம், நடுவில் அந்த இரண்டு பேர் தொலைந்து நிற்கிறார்கள். இதற்குப் பின்னால் நிஜமான வலி ஒன்று இருந்தது. 1955ல் இத்தாலியில் 81 கோடிக்கும் மேல் சினிமா டிக்கெட் விற்றது, உலகத்திலேயே சினிமா வெறி பிடித்த நாடுகளில் ஒன்று. 1976ல் தனியார் உள்ளூர் டிவி நடத்தலாம் என்று அரசியல் சாசன நீதிமன்றம் தீர்ப்புச் சொன்ன பிறகு, இரவெல்லாம் டிவியில் சினிமா ஓட ஆரம்பித்தது. 1980களின் நடுவில் டிக்கெட் விற்பனை 12, 13 கோடிக்குச் சுருங்கிவிட்டது. தியேட்டர் மூடினால் தயாரிப்பு குறையும், தயாரிப்பு குறைந்தால் ஸ்டுடியோ காலி, ஸ்டுடியோ காலியானால் தச்சர், பிளாஸ்டர் வேலை செய்பவர், பின்னணித்துணி வரைபவர் எல்லாம் வேறு பிழைப்புத் தேட வேண்டும். சினெசித்தாவின் பலமே அப்பாவிடமிருந்து பிள்ளைக்கு வந்த அந்தக் கைத்தொழில்தான். ராய் மாதிரி ஒலிபரப்புகள் படங்களுக்குப் பணம் போட்டதாலும், வெளிநாட்டுக்காரர்கள் செட் போட வந்ததாலும்தான் அது பிழைத்தது. ஃபெரெட்டி வெளிநாட்டு இயக்குநர்கள் பக்கம் திரும்பியதை ஆசை என்று மட்டும் பார்க்க முடியாது. ஊரில் பெரிய செட் கட்டப் பணம் இருந்தது சிலரிடம்தான்.

சரி, அந்த மடத்துக்கு வருவோம். 'தி நேம் ஆஃப் த ரோஸ்' பிரெஞ்சு இயக்குநர் ழான்-ழாக் அன்னோவின் படம். பதினான்காம் நூற்றாண்டு, மடத்துக்குள் துறவிகள் ஒருவர்பின் ஒருவராகச் சாகிறார்கள், ரகசியம் நூலகத்துக்குள். சில உட்புறங்களை ஜெர்மனியில் எபர்பாக் என்ற நிஜமான மடத்தில் எடுத்தார்கள், வெளிப்புறத்தை ரோமுக்கு வெளியே குன்றின்மேல் முழுதாகக் கட்டினார்கள். இரண்டு பள்ளிக்கூடமும் ஒரே படத்தில் சேர்ந்தது இங்கேதான் என்று நினைக்கிறேன். நிஜக் கல்லும் கட்டிய கல்லும் அடுத்தடுத்த ஷாட்டில் வர வேண்டும், கண்டுபிடிக்க முடியக்கூடாது. பசோலினியிடம் கற்ற அந்தத் தையல்வேலை.

நூலகம் மட்டும் ஃபெலினி பக்கம். உம்பெர்த்தோ எக்கோவின் நாவலில் அந்தப் புதிர்வழி நூலகம் ஒரே தளத்தில் விரியும் அறைகள். வாசிக்கும்போது வரைபடம் உதவுகிறது, திரையிலோ ஒரே மாதிரி அறைகளைத் திரும்பத் திரும்பக் காட்டினால் பார்ப்பவனுக்குத் தொலைந்துபோன உணர்வு வராது, அலுப்புதான் வரும். எனவே படத்தில் அதைச் செங்குத்தாக எழுப்பினார்கள். படிக்கட்டு மேலே போகிறது, குறுக்கே இன்னொன்று, அதற்கு மேலே இன்னொன்று, எந்தப் படி எங்கே சேரும் என்று புரியாது. பிரானேசியின் சிறைச்சாலை ஓவியங்களையும் எஷரின் முடிவில்லாப் படிகளையும் பார்த்தவர்களுக்கு உடனே பிடிபடும். மர்மத்தைத் துப்பறியும் துறவியும் அவர் சீடனும் வெவ்வேறு உயரத்தில் நின்று ஒருவரையொருவர் கூப்பிடுகிறார்கள், குரல் கேட்கிறது, ஆள் கண்ணில் படவில்லை. இந்த ஒரு மாற்றம், கிடைமட்டத்திலிருந்து செங்குத்துக்கு, ஒரு கலை இயக்குநர் கதைக்குள் எவ்வளவு தூரம் கை வைக்க முடியும் என்பதற்கு எனக்குத் தெரிந்த மிக நல்ல உதாரணம்.

அடுத்து இயக்குநர் டெர்ரி கில்லியமின் 'பாரன் மன்ச்சௌசன்', 1988. செலவு கட்டுக்கடங்காமல் போய், நிலவில் நடக்கும் காட்சியைப் பெருமளவு வெட்ட வேண்டி வந்தது. ஆயிரக்கணக்கான ஆட்களோடு திட்டமிட்ட நிலவு நகரம், கடைசியில் தட்டையான கட்டட முகப்புகள் தாமாக நகர்ந்து போவதாக மாறியது. பழைய நாடக மேடையின் தட்டி மாதிரி. படத்திலேயே அதிசயமாக இருப்பது இந்த இடம்தான். ஃபெரெட்டிக்கு முதல் ஆஸ்கர் பரிந்துரை இந்தப் படத்துக்கு.

அமெரிக்க இயக்குநர் ஸ்கோர்செசி, ஃபெலினியின் 'சிட்டி ஆஃப் விமன்' செட்டைப் பார்க்க வந்தபோது ஃபெரெட்டியைச் சந்தித்தவர். 1993ல் 'தி ஏஜ் ஆஃப் இன்னொசென்ஸ்' தொடங்கி 2016ன் 'சைலன்ஸ்' வரை நீண்ட பயணம். 'குந்துன்' படத்துக்காகத் திபெத்தின் தலாய் லாமா அரண்மனையை மொராக்கோ பாலைவனத்தின் ஓரத்தில் வர்சாசாத்தில் கட்டினார், உடைகளும் அவரே. ஆனால் நான் நிறுத்திப் பேச விரும்புவது 'கேங்ஸ் ஆஃப் நியூயார்க்'.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் மன்ஹாட்டன் சேரி, ஃபைவ் பாயின்ட்ஸ். அந்த நியூயார்க் இன்று நியூயார்க்கில் இல்லை. எனவே ரோமில் சினெசித்தாவில் கட்டினார்கள். சேரியின் தெருக்கள், ப்ராட்வேயின் ஒரு பகுதி, முழு அளவில் இரண்டு பாய்மரக் கப்பல்களோடு துறைமுகம். செட்டைப் பார்க்க வந்த 'ஸ்டார் வார்ஸ்' இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ், இதையெல்லாம் இப்போது கம்ப்யூட்டரிலேயே செய்துவிடலாமே என்று சொன்னதை ஸ்கோர்செசி பலமுறை சொல்லியிருக்கிறார். லூகாஸ் சொன்னது தப்பில்லை. ஆனால் படத்தின் ஆரம்பத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பழைய மதுவடிசாலைக்கு அடியில் குகைபோன்ற வழி, தீப்பந்தம், ஆயுதம் தீட்டுகிறார்கள், அடுக்கடுக்கான மரத்தளங்களில் குடும்பங்கள், அத்தனையையும் கடந்து ஒரு கதவை உதைத்துத் திறந்தால் வெளியே வெள்ளைப் பனி, வெறிச்சோடிய சதுக்கம். நடிகர்கள் அந்த இருட்டுக்குள் நடந்து வந்து அந்த வெளிச்சத்தில் கண்ணைச் சுருக்குகிறார்கள். மரத்தூண் வளைந்திருக்கிறது, கூரை ஒரு பக்கம் சாய்ந்திருக்கிறது. அந்தக் காலத்து ஏழை ஒருவன் கையில் கிடைத்த பலகையை வைத்து எப்படிக் கட்டியிருப்பானோ அப்படி.

ஃபெரெட்டி தன் வேலையைப் பற்றித் திரும்பத் திரும்பச் சொல்வதும் இதுதான். அந்தக் காலத்திலேயே வாழ்ந்த ஒரு கட்டடக் கலைஞனாகத் தன்னைக் கற்பனை செய்துகொள்ள வேண்டும், தவறுகளையும் சேர்த்துக் கட்ட வேண்டும். ஆவணத்தை வைத்து அச்சுப்பிசகாமல் நகலெடுத்தால் அது அருங்காட்சியகம் ஆகிவிடும். அப்பாவின் மரப்பட்டறையில் வளர்ந்தவருக்குக் கோணல் எப்படி வரும் என்று தெரியாமல் இருக்குமா?

பிறகு ஆஸ்கர்கள் வந்தன: 'தி ஏவியேட்டர்', 'ஸ்வீனி டாட்', 'ஹியூகோ'. மூன்றையும் லோ ஸ்கியாவோவோடு சேர்ந்து வாங்கினார். கணவன் பெயரே எங்கும் பேசப்படுவதால் இவருடைய வேலை சரியாகக் கவனிக்கப்படவில்லை என்று எனக்கு ஆதங்கம் உண்டு. 'ஹியூகோ' படத்துக்காக இங்கிலாந்தின் ஷெப்பர்டன் ஸ்டுடியோவில் 1930களின் பாரிஸ் ரயில் நிலையத்தைக் கட்டினார்கள். அதில் அந்தக் கிழவரின் பொம்மைக் கடையை நிறுத்திப் பாருங்கள். தகரப் பொம்மைகள், சாவி கொடுக்கும் எலி, கவுன்டர்மேல் சிதறிக் கிடக்கும் உதிரிகள். இவர் ஒரு காலத்தில் பெரிய ஆள், இப்போது சின்னச் சின்னப் பொருளோடு மல்லுக்கட்டுகிறார் என்று எந்த வசனமும் வருவதற்கு முன்னாலேயே அந்தக் கவுன்டர் சொல்லிவிடுகிறது. நிலையத்தைக் கட்டுவது ஒரு வேலை, அதற்குள் ஒரு மனிதனின் நாற்பது வருஷத்தைக் கொண்டுவந்து வைப்பது இன்னொரு வேலை.

இன்று இத்தாலியில் பெரிய செட்டுகள் தொலைக்காட்சித் தொடர்களுக்கும் எழுகின்றன. 'தி யங் போப்' தொடருக்காக சிஸ்டைன் சேப்பலை சினெசித்தாவுக்குள் கட்டினார்கள், வத்திகான் உள்ளே விடாது என்பதால். ராய் நிறுவனமும் எச்பிஓவும் சேர்ந்து 2018ல் கொண்டுவந்த 'மை பிரில்லியன்ட் ஃப்ரெண்ட்' தொடருக்கு நேப்பிள்ஸின் ஏழைக் குடியிருப்பு ஒன்றை கசெர்த்தா பக்கம் சுமார் 20,000 சதுர மீட்டரில் எழுப்பியவர் ஜான்கார்லோ பசீலி. இவரும் மார்க்கே பகுதிக்காரர்தான். முதல் பாகத்தில் போர் முடிந்த புழுதி, சாம்பல் நிறச் சுவர், மரமில்லாத முற்றம். பிள்ளைகள் வளர வளர அதே தெருவில் கடைப்பலகை, வாகனம், கொஞ்சம் நிறம். ஒரு படம் என்றால் இரண்டு மணி நேரத்தில் செட்டை விட்டு வெளியே வந்துவிடுவோம். இங்கே வருஷக்கணக்கில் அதே தெருவில் வாழ்கிறோம், அது மூப்படைவதைப் பார்க்கிறோம். 'ஆர்கெஸ்ட்ரா ரிஹர்சல்' ஒரு அறையை எழுபது நிமிடத்தில் அழுக்காக்கியது, இவர்கள் ஒரு பேட்டையையே பல பாகங்களில் வயதாக்கியிருக்கிறார்கள்.

ரோமுக்குத் தெற்கே போந்தினா சாலையில் தயாரிப்பாளர் டீனோ டி லாரன்டீஸ் கட்டி, பிறகு கைவிட்டுப்போன பழைய ஸ்டுடியோ ஒன்று இருந்தது. ஃபெலினியின் கடைசிப் படமான 'தி வாய்ஸ் ஆஃப் த மூன்' படத்துக்காக ஃபெரெட்டி ஒரு சின்ன ஊரையே சதுக்கத்தோடும் தேவாலயத்தோடும் அங்கேதான் கட்டினார். 2014ல் அதே நிலத்தில் 'சினெசித்தா வேர்ல்ட்' என்ற பொழுதுபோக்குப் பூங்கா திறந்தது, அதை வடிவமைத்தவரும் அவரே. அதன் நுழைவாயில் 1914ல் வந்த இத்தாலிய மௌனப்படமான 'கபிரியா'வில் வரும் மோலோக் என்ற தெய்வத்தின் கோயில், வாயைத் திறந்து நிற்கும் அந்த முகம். குழந்தைகள் அதற்குள் ஓடுகிறார்கள்.